மன்னிக்கும் உரிமை யாருடையது?

"ஹஜ்ரத், நான் மன்னிக்கல. நீங்கதான் மன்னிச்சீங்க."

சில மாதங்களுக்கு முன் ஒரு ஜும்ஆ முடிந்து பள்ளிவாசல் படியிறங்கும்போது ஓர் இளைஞர் என்னிடம் சொன்ன வார்த்தை இது. கடைத்தெருவில் செல்போன் பழுதுபார்க்கும் சிறிய கடை வைத்திருப்பவர். அதற்குச் சில வாரங்கள் முன்பு, ஊர்வலம் ஒன்று அவ்வழியே போனபோது அவருடைய கடைக் கண்ணாடியை உடைத்தார்கள். கேட்கப்போனவரை வாடிக்கையாளர்கள் முன்னால் வைத்து ஒரு பையன் கன்னத்தில் அறைந்தான். இரவு காவல் நிலையத்தில் இரு தரப்புப் பெரியவர்களும் கூடினார்கள். வழக்கு வேண்டாம், ஊர் அமைதிதான் முக்கியம் என்றார்கள். கண்ணாடிக்கு ஆன செலவை எதிர்த்தரப்பில் கொடுத்துவிட்டார்கள். முத்தவல்லி என் பக்கம் திரும்பி, "ஹஜ்ரத், தம்பிக்கு நாலு வார்த்தை சொல்லுங்க" என்றார். நானும் மக்கா வெற்றியின் வரலாற்றைச் சொன்னேன். இருபது ஆண்டுகள் கொடுமை செய்த குறைஷிகளை நபி (ஸல்) அவர்கள் ஒரே வார்த்தையில் விட்டுவிட்டார்களே, நீ ஒரு அறையை விடமாட்டாயா என்று கேட்டேன். அவர் கையெழுத்துப் போட்டார். எல்லோரும் டீ குடித்துவிட்டுக் கலைந்தோம்.

அந்தக் கையெழுத்தைத்தான் படியில் வைத்து அவர் எனக்கு நினைவூட்டினார். நான் ஏதோ சமாதானம் சொல்லிவிட்டு நகர்ந்துவிட்டேன். ஆனால் வீடு வந்த பிறகும் அது விடவில்லை.

அதே வாரத்தில், பி.ஏ. படித்தபோது என் வகுப்பில் இருந்த கிறிஸ்தவ நண்பர் ஒருவர் தொலைபேசியில் பேசினார். இப்போது ஆசிரியராக இருக்கிறார். தொலைக்காட்சி விவாதம் ஒன்றைப் பார்த்துவிட்டு, உண்மையாகவே அறிந்துகொள்ள விரும்பிக் கேட்டார்: "எங்க வேதத்துல பகைவரை நேசிக்கச் சொல்லியிருக்கு. உங்க குர்ஆன்ல அப்படி இருக்கா?" ஒருவர் ஏன் மன்னிக்க வேண்டும் என்கிறார், இன்னொருவர் நேசம் எங்கே என்கிறார். இரண்டும் ஒரே கேள்விதான் என்று எனக்குத் தோன்றியது.

நண்பருக்கு முதலில் பதில் சொல்லிவிடுகிறேன். மத்தேயு நற்செய்தியின் ஐந்தாம் அதிகாரத்தில், ஈஸா (அலை) அவர்களின் மலைப்பிரசங்கமாக வருகிற அந்தக் கட்டளை, அதே வடிவில் திருக்குர்ஆனில் இல்லை. இருக்கிறது என்று சொல்லி விவாதத்தில் வெல்லப் பார்ப்பவர்கள் நம்மில் உண்டு. அது அறிவு நேர்மை ஆகாது. குர்ஆன் வேறு இடத்திலிருந்து தொடங்குகிறது. ஒரு கூட்டத்தார் மீது உங்களுக்குள்ள வெறுப்பு, நீதி தவறும்படி உங்களைத் தூண்டிவிட வேண்டாம் என்கிறது ஸூரா அல்மாயிதாவின் 8ஆம் வசனம். கவனியுங்கள், வெறுப்பு இருக்கிறது என்பதை அந்த வசனம் ஒப்புக்கொண்டுதான் பேசுகிறது. அடிபட்டவனிடம் போய் உன் உள்ளத்தில் கசப்பே இருக்கக்கூடாது என்று அது சொல்லவில்லை. கசப்பு உன் கையையும் நாக்கையும் தராசையும் ஆளக்கூடாது என்கிறது.

அடுத்த படி ஸூரா ஃபுஸ்ஸிலத்தின் 34ஆம் வசனம். நன்மையும் தீமையும் சமமாகாது, தீமையை அதைவிடச் சிறந்ததைக் கொண்டு தடுத்துக்கொள், அப்போது உன்னோடு பகைமை கொண்டவர் உற்ற நண்பரைப் போல் ஆகிவிடுவார் என்ற கருத்து அதில் வருகிறது. மத்ரஸாவில் அரபு இலக்கணம் படித்தவர்களுக்கு அதிலுள்ள 'கஅன்னஹு' என்ற சொல் கண்ணில் படாமல் போகாது. 'போல' என்று பொருள். நண்பராகவே ஆகிவிடுவார் என்று அல்லாஹ் வாக்களிக்கவில்லை, நண்பரைப் போல ஆவார் என்கிறான். எத்தனை யதார்த்தமான வேதம்! நேசம் என்ற சொல்லே வருகிற இடமும் உண்டு. உங்களுக்கும் உங்கள் பகைவர்களுக்கும் இடையே அல்லாஹ் அன்பை உண்டாக்கக்கூடும் என்று ஸூரா அல்மும்தஹினாவின் 7ஆம் வசனம் சொல்கிறது. அங்கே அன்பை உண்டாக்குபவன் அல்லாஹ். நம் பங்கு நடத்தையோடு நின்றுவிடுகிறது.

இதை விளக்க வஹ்ஷீ (ரலி) அவர்களின் வரலாற்றைவிடச் சிறந்தது எனக்குத் தெரியவில்லை. உஹதுப் போரில் நபி (ஸல்) அவர்களின் சிறிய தந்தை ஹம்ஸா (ரலி) அவர்களை ஈட்டி எறிந்து கொன்றவர் அவர். பின்னாளில் இஸ்லாத்தை ஏற்று மதீனாவுக்கு வந்தார். நபியவர்கள் அவரைத் தண்டிக்கவில்லை, அவரது இஸ்லாத்தை மறுக்கவுமில்லை. ஆனால் உன் முகத்தை என் கண்ணில் படாமல் வைத்துக்கொள்ள முடியுமா என்று கேட்டார்கள். ஸஹீஹுல் புகாரியில் உள்ள செய்தி இது. அகிலத்தாருக்கு அருட்கொடையாக வந்த நபிக்கே அந்த முகத்தைப் பார்த்தால் ஹம்ஸாவின் நினைவு வந்தது. மன்னிப்பு கொடுத்தார்கள், துக்கத்தை மறைக்கவில்லை. நம் பயான்களில் முதல் பாதியைச் சொல்கிறோம், இரண்டாம் பாதியை விட்டுவிடுகிறோம். நானும் விட்டிருக்கிறேன்.

கிறிஸ்தவ மரபிலும் விவரம் அறிந்தவர்கள் இதை உணர்ந்தே பேசியிருக்கிறார்கள். அமெரிக்காவில் மார்ட்டின் லூதர் கிங் 1957 நவம்பரில் மாண்ட்கோமரி நகரில் பகைவரை நேசிப்பது பற்றி ஒரு பிரசங்கம் செய்தார். ஒருவரைப் பிடித்திருப்பதும் ஒருவரை நேசிப்பதும் வேறு வேறு என்று அதில் பிரித்துக் காட்டினார். வீட்டில் குண்டு போட்டவனைப் பிடிக்க வேண்டியதில்லை, அவனுக்குக் கேடு செய்யாமலிருப்பதே நேசம் என்ற பொருளில் அவர் பேசினார். அதே மனிதர்தான் பேருந்துப் புறக்கணிப்பை நடத்தினார், நீதிமன்றம் போனார், சிறைக்கும் போனார்.

ஆக, உள்ளத்து உணர்வைப் பற்றிய சண்டை நமக்கு வேண்டாம். என் தம்பி கேட்டது அதைவிடக் கூர்மையான கேள்வி. மன்னிப்பதா வேண்டாமா என்று தீர்மானிக்கிற அதிகாரம் யாருக்கு?

2019 மார்ச் 15, வெள்ளிக்கிழமை. நியூசிலாந்தின் கிறைஸ்ட்சர்ச் நகரில் அந்நூர் பள்ளிவாசலிலும் லின்வுட் இஸ்லாமிய மையத்திலும் ஜும்ஆவுக்கு வந்தவர்களை ஒருவன் சுட்டான். 51 பேர் ஷஹீதானார்கள். பங்களாதேஷில் பிறந்த ஃபரீத் அஹ்மத் சக்கர நாற்காலியில் இருப்பவர். அவருடைய மனைவி ஹுஸ்னா, பெண்களையும் குழந்தைகளையும் வெளியே அழைத்துப் போய்ப் பாதுகாப்பாக விட்டுவிட்டு, கணவரைத் தேடித் திரும்பி வந்தபோது சுடப்பட்டார். இரண்டு வாரம் கழித்து மார்ச் 29 அன்று நடந்த தேசிய நினைவுக்கூட்டத்தில் ஃபரீத் பேசினார். எரிமலை போல் கொதிக்கும் உள்ளம் தனக்கு வேண்டாம் என்றார். கொன்றவனை மனிதன் என்ற முறையில் நேசிப்பதாகவும், அவன் செய்ததை ஏற்க முடியாது என்றும் சொன்னார்.

இந்தப் பேச்சை நாம் எல்லோரும் பகிர்ந்தோம். ஆனால் அடுத்த ஆண்டு ஆகஸ்டில் அதே நகரத்து நீதிமன்றத்தில் நடந்ததை அவ்வளவாகப் பகிரவில்லை. தண்டனை அறிவிக்கும் முன் பாதிக்கப்பட்டவர்களைப் பேச விட்டார்கள். மகனை இழந்த தாய் ஒருவர் குற்றவாளியின் முகத்தைப் பார்த்து மன்னித்துவிட்டேன் என்றார். வேறு சிலர் மன்னிக்க மாட்டோம் என்று அவன் முகத்துக்கு நேராகவே சொன்னார்கள். இவர்கள் அனைவரும் ஒரே குர்ஆனை ஓதுகிறவர்கள். மன்னித்தவர் மேலானவர், மன்னிக்காதவர் குறைந்தவர் என்று அங்கே யாரும் தீர்ப்புச் சொல்லவில்லை. ஆகஸ்ட் 27 அன்று நீதிபதி, பரோலே இல்லாத ஆயுள் தண்டனை விதித்தார். அந்த நாட்டில் அப்படியொரு தண்டனை அதுவே முதல் முறை. அதற்கு முன்பே, தாக்குதல் நடந்து ஒரு மாதம் ஆவதற்குள், பெரும்பாலான அரைத் தானியங்கித் துப்பாக்கிகளைத் தடை செய்யும் சட்டத்தை 119க்கு 1 என்ற வாக்கில் நாடாளுமன்றம் நிறைவேற்றியிருந்தது. ஃபரீத் மன்னித்துவிட்டாரே என்று அரசு தன் வேலையை விட்டுவிடவில்லை.

கிறைஸ்ட்சர்ச்சுக்கு 37 நாள் கழித்து இலங்கை. இதை எழுதக் கை கூசுகிறது, ஆனாலும் எழுதத்தான் வேண்டும். ஏப்ரல் 21, ஈஸ்டர் ஞாயிறு. கொச்சிக்கடை புனித அந்தோனியார் ஆலயம், நீர்கொழும்பு கட்டுவாப்பிட்டி புனித செபஸ்தியார் ஆலயம், மட்டக்களப்பு சீயோன் தேவாலயம், கொழும்பின் நட்சத்திர விடுதிகள். 260க்கும் மேற்பட்டோர் பலியானார்கள். சீயோனில் இறந்தவர்களில் பலர் ஞாயிறு பள்ளிக்கு வந்த தமிழ்க் குழந்தைகள். செய்தவர்கள் முஸ்லிம் பெயர் தாங்கியவர்கள்.

இது கிறைஸ்ட்சர்ச்சுக்குப் பழிவாங்கல் என்று முதற்கட்ட விசாரணையை வைத்து இலங்கை அமைச்சர் ஒருவர் அப்போது நாடாளுமன்றத்தில் சொன்னார். அது நிறுவப்படவில்லை. ஒரு பேச்சுக்கு அப்படியே வைத்துக்கொண்டாலும், யாருக்காக யார் பழிவாங்கினார்கள்? மனைவியை இழந்தவர் மேடையேறி மன்னித்துவிட்டார். மன்னிக்காதவர்கள் நீதிமன்றத்துக்காகக் காத்திருந்தார்கள். மட்டக்களப்பில் குழந்தைகளைக் கொல்ல இவர்களுக்கு வக்காலத்து கொடுத்தது யார்? ஒருவரின் சுமையை மற்றவர் சுமக்க மாட்டார் என்று குர்ஆன் பல இடங்களில் சொல்வதை இவர்கள் ஓதவே இல்லையா? அகில இலங்கை ஜம்இய்யத்துல் உலமா, குண்டுதாரிகளின் உடல்களை முஸ்லிம் மையவாடிகளில் அடக்க இடமில்லை என்று அறிவித்ததை அந்த நேரத்தில் நம் தரப்பிலிருந்து வந்த சரியான சொல்லாகவே பார்க்கிறேன்.

அன்று நாம் மன்னிப்பைப் பெறும் இடத்தில் நின்றோம். கர்தினால் மல்கம் ரஞ்சித் தம் மக்களிடம், ஒரு முஸ்லிமைக்கூடத் துன்புறுத்தாதீர்கள், அவர்கள் நம் சகோதரர்கள் என்று கேட்டுக்கொண்டார். மே மாதத்தில் குருநாகல், கம்பஹா மாவட்டங்களில் முஸ்லிம்களின் கடைகளும் பள்ளிவாசல்களும் தாக்கப்பட்டன. புத்தளம் மாவட்டத்தில் ஒருவர் கொல்லப்பட்டார். அவரது வேண்டுகோள் எல்லாவற்றையும் தடுத்துவிடவில்லை. ஆனால் அது இல்லாமலிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று அங்குள்ள முஸ்லிம்களைக் கேட்டால் சொல்வார்கள். மறு ஆண்டு ஈஸ்டர் ஆராதனையில், எங்களை அழிக்க நினைத்த பகைவருக்கு அன்பையே கொடுத்தோம், மன்னித்துவிட்டோம் என்ற கருத்தில் அவர் பேசினார்.

அதே கர்தினால்தான் அதற்குப் பிறகு ஓயாமல் நீதி கேட்டார். எச்சரிக்கை கிடைத்தும் தடுக்காத அதிகாரிகள் யார், பின்னணியில் யார் என்று கேட்டு 2021 மார்ச்சில் கறுப்பு ஞாயிறு அனுசரிக்கச் செய்தார். கடைசியில் 2023 ஜனவரி 12 அன்று இலங்கை உச்ச நீதிமன்றம், தாக்குதலைத் தடுக்கத் தவறியதற்காக முன்னாள் ஜனாதிபதி மைத்திரிபால சிறிசேன தம் சொந்தப் பணத்திலிருந்து 10 கோடி ரூபாய் நஷ்டஈடு கொடுக்க வேண்டும் என்று தீர்ப்பளித்தது. காவல்துறை, புலனாய்வு, பாதுகாப்புத் துறை உயரதிகாரிகளையும் சேர்த்து மொத்தம் 31 கோடி. கொன்றவனை மன்னித்த அதே வாயால் அரசிடம் கணக்குக் கேட்க முடியும் என்பதை அவர் செய்து காட்டினார். முழு உண்மை இன்னும் வெளிவரவில்லை என்பதே அங்குள்ள கத்தோலிக்கர்களின் குறை.

நம் நாட்டில் நடந்தது இதற்கு நேர் எதிரானது. 2002 குஜராத்தில் பில்கீஸ் பானுவுக்கு இழைக்கப்பட்ட கொடுமையை விவரிக்க மனமில்லை. 3 வயது மகளையும் குடும்பத்தினர் பலரையும் அன்று அவர் இழந்தார். விசாரணை குஜராத்தில் நேர்மையாக நடக்காது என்று வழக்கு மும்பைக்கு மாற்றப்பட்டு, 2008இல் 11 பேருக்கு ஆயுள் தண்டனை கிடைத்தது. 2022 ஆகஸ்ட் 15 அன்று, நாடே சுதந்திர தினம் கொண்டாடிக்கொண்டிருந்தபோது, குஜராத் அரசின் தண்டனைக் குறைப்பால் அந்த 11 பேரும் கோத்ரா சிறையிலிருந்து வெளியே வந்தார்கள். அவர்களுக்கு மாலையும் இனிப்பும் காத்திருந்தன. பில்கீஸிடம் யாரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. 2024 ஜனவரி 8 அன்று உச்ச நீதிமன்றம் அந்த விடுதலையை ரத்து செய்தது. வழக்கு நடந்தது மகாராஷ்டிரத்தில் என்பதால் குஜராத் அரசுக்கு அந்த அதிகாரமே இல்லை என்பது சட்டக் காரணம். அவர்கள் மீண்டும் சிறைக்குப் போனார்கள்.

சட்டக் காரணம் எதுவாக இருந்தாலும், மார்க்கம் படித்த எனக்கு அதில் வேறொன்றும் தெரிந்தது. அநியாயமாகக் கொல்லப்பட்டவரின் வாரிசுக்கு நாம் அதிகாரம் கொடுத்திருக்கிறோம் என்று ஸூரா பனீ இஸ்ராயீலின் 33ஆம் வசனத்தில் அல்லாஹ் சொல்கிறான். பழிக்குப் பழி கேட்பதோ, நஷ்டஈடு வாங்குவதோ, மன்னிப்பதோ வாரிசின் கையில். ஆட்சியாளர் அந்த இடத்தில் புகுந்து தாமாக மன்னித்துவிட முடியாது. இதைத்தான் காட்டுமிராண்டிச் சட்டம் என்கிறார்கள். பாதிக்கப்பட்டவளின் வாயைப் பார்த்து நிற்கிற சட்டத்தில் எது காட்டுமிராண்டித்தனம்?

ஆனால் நம் வீட்டுக் குப்பையையும் பார்க்க வேண்டும். அந்தச் சட்டத்தையே பாகிஸ்தானில் எப்படி ஆக்கினார்கள்? மகளைக் கொன்றவன் மகன், மன்னிப்பவர் தந்தை. 'குடும்ப மானம்' என்ற பெயரில் கொன்றவர்கள் வாரிசின் மன்னிப்பைக் காட்டி வெளியே வந்தார்கள். 2016 ஜூலையில் கந்தீல் பலோச் தம் சகோதரனால் கொல்லப்பட்டபோது எழுந்த கொந்தளிப்பில், குடும்பத்தார் மன்னித்தாலும் இத்தகைய கொலைக்கு ஆயுள் தண்டனை உண்டு என்று அந்த நாடு அக்டோபரில் சட்டம் திருத்தியது. அப்படியும் 2022 பிப்ரவரியில், பெற்றோர் மன்னித்த பிறகு, மேல்முறையீட்டில் அந்தச் சகோதரன் விடுதலையானான். வாரிசு மன்னித்தாலும் பொதுநலன் கருதித் தனியாகத் தண்டனை உண்டு என்று மாலிக்கி மத்ஹபின் ஃபுகஹாக்கள் எப்போதோ எழுதிவைத்திருக்கிறார்கள். மன்னிப்பைக் கொலையாளியின் வீட்டாரே பங்கிட்டுக்கொள்ளும் நிலை வரும் என்று அவர்களுக்குத் தெரிந்திருந்தது போலும்.

இவற்றையெல்லாம் வைத்து என் காவல் நிலையப் பயானைத் திரும்பிப் பார்த்தேன். மக்கா வெற்றியில் மன்னித்தவர் யார்? அடிபட்டவரே. எப்போது? பத்தாயிரம் பேர் படையுடன், பழிவாங்கும் வலிமை முழுதும் கையில் இருந்தபோது. நான் அந்த வரலாற்றை யாரிடம் சொன்னேன்? கன்னம் வீங்கி, தனியாக உட்கார்ந்திருந்த இருபத்தைந்து வயதுப் பையனிடம். சுற்றிலும் முத்தவல்லி, செயலாளர், அதிகாரி, எதிர்த்தரப்புப் பெரியவர்கள், போதாததற்கு நான். அநீதி இழைக்கப்பட்டவர் உரத்துப் பேசுவதற்கு ஸூரா அன்னிஸாவின் 148ஆம் வசனம் விலக்குக் கொடுக்கிறது. மன்னிப்பைப் பற்றிய அறிவுரை அதற்கு அடுத்த வசனத்தில்தான் வருகிறது. நான் முதல் வசனத்தைத் தாண்டிக் குதித்துவிட்டேன்.

அஸன்ஸோல் நகர இமாம் இம்தாதுல்லாஹ் ரஷீதியை இங்கே சொல்ல வேண்டும். 2018 மார்ச்சில் ராமநவமியை ஒட்டி மேற்கு வங்கத்தில் மூண்ட கலவரத்தில், பத்தாம் வகுப்புத் தேர்வு எழுதி முடித்திருந்த அவருடைய 16 வயது மகன் கொல்லப்பட்டான். ஜனாஸாவுக்குத் திரண்ட ஆயிரக்கணக்கானோரிடம், யாராவது பழிவாங்கினால் நான் இந்த ஊரையே விட்டுப் போய்விடுவேன் என்றார் அவர். அவர் பேசியதற்கு எடை இருந்தது, ஏனென்றால் கிடத்தப்பட்டிருந்தது அவர் பிள்ளை. தன் உரிமையைத் தான் விட்டுக்கொடுத்தார். வேறொரு தகப்பனுடைய உரிமையை எடுத்துக் கொடுக்கவில்லை. நானோ அடுத்தவர் கன்னத்தை வைத்து தர்மம் செய்தேன்.

இளைஞர்களிடம் ஒன்று கேட்டுக்கொள்வேன். வழக்குப் போடுவது பகைமை ஆகாது. அநியாயம் செய்யும் சகோதரனுக்கும் உதவு என்று நபியவர்கள் சொன்னபோது, எப்படி என்று தோழர்கள் கேட்டார்கள். அவனை அதிலிருந்து தடுப்பதே அவனுக்குச் செய்யும் உதவி என்று விளக்கினார்கள். கடைக் கண்ணாடியை உடைத்த பையன் முறையாக நீதிமன்றப் படியேறியிருந்தால், அடுத்த ஊர்வலத்தில் அவன் கையில் கல் இருந்திருக்காது. அவனுக்கே அது நல்லது. மாறாக, வாட்ஸ்அப்பில் அவனுடைய சாதி சனத்தையெல்லாம் திட்டி ஆடியோ போடுகிறீர்களே, அதில் நீதியும் இல்லை, மார்க்கமும் இல்லை.

போன மாதம் அந்தத் தம்பியின் கடைக்குப் போனேன். "தம்பி, அன்னைக்கு உன்கிட்ட கேக்காம பேசிட்டேன். மாஃப் பண்ணிடு" என்றேன். அவர் பதில் சொல்லவில்லை. ஸ்டூலைத் துடைத்துப் போட்டு, எதிர்க் கடையில் டீ சொன்னார். கொஞ்ச நேரம் போன் ஒன்றைக் கழற்றிக்கொண்டே இருந்துவிட்டு, "அந்தப் பையன் நேத்து இங்க வந்தான் ஹஜ்ரத்" என்றார்.

"யாரு?"

"அறைஞ்சவன்தான். சார்ஜ் ஏறலன்னு போனக் கொண்டாந்தான். வேற கடையெல்லாம் மூடியிருந்துச்சு. போர்டு மாத்திக் குடுத்தேன். எல்லாருக்கும் வாங்குற அதே காசுதான் வாங்கினேன். மூஞ்சியப் பாக்கல."